ஒளி, நிறத் தத்துவ வகுப்பில் சேரப் போகிறவர்களுக்கு ஓர் எச்சரிக்கை

ஒளியையும் நிறங்களையும் வைத்து ஒரு தத்துவம் சொல்லி வகுப்பு நடத்தும் ஒரு குழுவிடம் என் அக்காவும் நானும் பணத்தை இழந்தோம். அக்கா பணத்தோடு வலது கண் பார்வையில் ஒரு பகுதியையும் இழந்துவிட்டாள். இதே மாதிரிக் குழுக்கள் வேறு வேறு பெயர்களில் இயங்குகின்றன. அதனால் இவர்கள் எப்படிப் பேசுகிறார்கள், எந்த இடத்தில் ஏமாற்றுகிறார்கள் என்று கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

அவர்கள் சொல்லும் தத்துவம் இதுதான். உயிர் என்பது வெள்ளை ஒளி. பிறப்பு என்கிற முப்பட்டகத்தின் வழியாக வரும்போது அது நிறங்களாகப் பிரிகிறது. அப்படிப் பிரிகையில் ஒவ்வொருவருக்கும் ஏதோ ஒரு நிறம் குறைந்துபோகிறது. நோய், கடன், தீராத மனக்கசப்பு எல்லாவற்றுக்கும் அந்தக் 'குறை நிறம்'தான் காரணம். அதை நிரப்பினால் மறுபடி வெள்ளை ஒளி ஆகலாம். கேட்க அழகாகத்தான் இருந்தது. ஒளியை இறைமையாகக் காணும் மரபுகள் பல உண்டு. 12ஆம் நூற்றாண்டில் சுஹ்ரவர்தி என்ற பாரசீகத் தத்துவ ஞானி ஒளியையே அடிப்படையாக வைத்து ஒரு முழுத் தத்துவத்தை எழுதினார். அப்படி ஒருவர் நம்பினால் நான் மதிப்பேன். இவர்கள் அதோடு நிற்கவில்லை. உங்கள் குறை நிறத்தை அளந்து காட்டுகிறோம், நிரப்பியும் தருகிறோம் என்று பணம் கேட்டார்கள்.

அளப்பதற்கு ஒரு கேமரா இருந்தது. இரண்டு கைகளையும் உலோகத் தகடுகள் மேல் வைக்கச் சொல்வார்கள். படத்தில் தலையைச் சுற்றி நிற மேகம் தெரியும். இந்த வகைக் கருவியில் தகடுகள் அளப்பது தோலின் மின்கடத்துதிறனைத்தான். கை வியர்த்தால் அது கூடும். எந்த அளவுக்கு எந்த நிறம் என்று மென்பொருளில் முன்கூட்டியே எழுதி வைத்திருப்பார்கள். அது நிறத்தைப் படத்தின் மேல் பூசிக் கொடுக்கும், அவ்வளவுதான். எனக்குப் பச்சை குறை என்று வந்தது. கையை நன்றாகத் துடைத்துக்கொண்டு இன்னொரு தடவை எடுக்கச் சொன்னேன். பச்சை நிறைந்துவிட்டது, ஊதா குறை என்று வந்தது. வகுப்பை நடத்தும் ஆசான் முன்னிலையில் எடுக்காத படம் செல்லாது என்று சொல்லி உதவியாளர் அதை அழித்துவிட்டார்.

அக்காவுக்கு மஞ்சள் குறை. மஞ்சள் இல்லாமல் அவளால் வெள்ளை ஆகவே முடியாது என்றார்கள். கைப்பேசித் திரை சிவப்பு, பச்சை, நீலம் என்ற மூன்றே வகைப் புள்ளிகளை வைத்து வெள்ளையைக் காட்டுகிறதே, அதில் மஞ்சள் புள்ளி கிடையாதே என்று ஆசானிடம் கேட்டேன். "பௌதிக மஞ்சள் வேறு, சூட்சும மஞ்சள் வேறு" என்றார். அப்படியானால் கேமராவில் வருவது எது என்று கேட்டதற்குப் பதில் இல்லை. இவர்கள் பேச்சு முழுக்க இப்படித்தான். பணம் வாங்கும்வரை அறிவியல், கேள்வி வந்தால் சூட்சுமம்.

நிறமாலையில் ஏழு நிறம், ஆகவே ஏழு படிகள், படிக்குப் படி தனிக் கட்டணம். உண்மையில் நிறமாலை இடைவெளியே இல்லாமல் ஓடுவது. இசையின் ஏழு சுரங்களோடு ஒத்துப்போக வேண்டும் என்றுதான் நியூட்டன் அதை ஏழாகப் பிரித்தார். ஏழாம் படி முடித்தவர்களுக்கு எட்டாவது ஒன்று திறந்தது. ஊதாவுக்கு அப்பால் ஒளி இருப்பதை 1801இல் ரிட்டர் என்ற ஜெர்மன் அறிவியலாளர் கண்டுபிடித்தாரே, அந்தப் புற ஊதாதான் எட்டாம் படி என்றார்கள். கண்டுபிடிப்பு உண்மை, ஆண்டும் சரி. அதற்கும் இவர்கள் வாங்கும் கட்டணத்துக்கும் ஒரு தொடர்பும் இல்லை.

பிறந்த குழந்தைக்கு மஞ்சள் காமாலை என்றால் நீல ஒளியில் வைக்கிறார்களே என்பதையும் அடிக்கடி சான்றாகச் சொல்வார்கள். அது நல்ல மருத்துவம். ஏறத்தாழ 460 நானோமீட்டர் அலைநீளமுள்ள ஒளியைத் தோலில் இருக்கும் பிலிருபின் என்ற மஞ்சள் நிறமி உறிஞ்சி, உடல் எளிதாக வெளியேற்றக்கூடிய வடிவத்துக்கு மாறுகிறது. ஒளியின் அளவை அளந்து, ரத்தத்தைச் சோதித்துச் செய்கிற சிகிச்சை அது. இவர்கள் குடிக்கச் சொல்கிற, நீலப் புட்டியில் வெயில் பட வைத்த தண்ணீருக்கு அது எப்படிச் சான்றாகும்? தண்ணீர் ஒளியைச் சேமித்து வைக்காது. வண்ணக் கண்ணாடி வழியே விளக்கைக் காட்டி எல்லா நோயும் தீரும் என்று அமெரிக்காவில் கருவி விற்ற தின்ஷா கடியாலியை 1947இல் அங்குள்ள நீதிமன்றம் குற்றவாளி என்று தீர்ப்பளித்தது. இன்றைக்கும் அதே சரக்குதான் விற்பனைக்கு வருகிறது.

இனி அக்காவின் கண். இருட்டு அறையில் ஒரே ஒரு சிறு விளக்கை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருக்கும் பயிற்சி ஒன்று கொடுத்தார்கள். சில வாரங்களில் விளக்கைச் சுற்றி வானவில் மாதிரி வளையம் தெரிகிறது என்றாள் அக்கா. நெற்றி வலி, குமட்டல், சில சமயம் பார்வை மங்கல் என்பதையும் ஆசானிடம் சொல்லியிருக்கிறாள். அவர் எல்லோர் முன்னாலும் அவளைப் பாராட்டினார். நிறக்கண் திறக்கிறது, வலி என்பது பழைய திரை கிழிவது, மருத்துவரிடம் போனால் திறப்பு நின்றுவிடும் என்றார். அடுத்த படிக்கும் ஏற்றிவிட்டார்.

கண்ணுக்குள் அழுத்தம் ஏறும்போது கண்ணின் முன்பக்கத்தில் இருக்கும் தெளிந்த படலமான கார்னியாவில் நீர் கோத்துக்கொள்ளும். அப்போது விளக்கைச் சுற்றி வண்ண வளையம் தெரியும். கிளாக்கோமா என்கிற கண் அழுத்த நோயில் ஒரு வகைக்கு இது அறிகுறி. இருட்டில் கண் பாப்பா விரியும். அந்த வகைக் கண் அமைப்பு உள்ளவர்களுக்கு அப்படி விரியும்போது கண்ணுக்குள் ஊறும் நீர் வெளியேறும் வழி அடைபடும். அந்த இருட்டுப் பயிற்சியே அவளுக்குத் தீங்கு செய்திருக்கிறது. வளையத்தைச் சொன்ன அன்றே அவர் அவளை மருத்துவரிடம் போகச் சொல்லியிருக்க வேண்டும். வலி தாங்காமல் கடைசியில் மருத்துவமனைக்குப் போனபோது, வழக்கமாக 10 முதல் 21 மில்லிமீட்டர் பாதரசம் வரை இருக்க வேண்டிய கண் அழுத்தம் அதைவிட மிக அதிகமாக இருந்தது. சொட்டு மருந்து கொடுத்து, லேசரால் கண் பாப்பாவைச் சுற்றியுள்ள நிறப் படலத்தில் சிறு துளை போட்டு அழுத்தத்தை இறக்கினார்கள். பார்வை நரம்பில் பட்டுப்போன பகுதி திரும்பாது என்று சொல்லிவிட்டார்கள். இதை எழுதும்போதும் எனக்குக் கோபம் அடங்கவில்லை.

பணத்தைத் திருப்பிக் கேட்டோம். கட்டணம் என்று வாங்கியதற்கெல்லாம் ரசீதில் 'நன்கொடை' என்று போட்டிருந்தார்கள். கையெழுத்து வாங்கிய தாளில் 'இது மருத்துவ ஆலோசனை அல்ல' என்று சிறு எழுத்தில் ஒரு வரி. மருத்துவரிடம் போகாதே என்பதை மட்டும் எப்போதும் வாயால்தான் சொன்னார்கள். இன்னொன்றும் உண்டு. முதல் வகுப்பிலேயே 'இருண்ட நிறங்களை வெளியேற்றுவது' என்று சொல்லி, யாரிடமும் சொல்லாத விஷயங்களை எழுதி வாங்கிக்கொள்கிறார்கள். நாங்கள் புகார் செய்வோம் என்றதும், அந்தத் தாள்கள் பத்திரமாக இருக்கின்றன என்று அக்காவுக்கு ஒரு செய்தி வந்தது. அப்புறமும் புகார் கொடுத்திருக்கிறோம். அந்தச் செய்தியையும் சேர்த்தே கொடுத்தோம்.

இந்த மாதிரி வகுப்பில் ஏற்கெனவே இருப்பவர்கள் எதையும் எழுதிக் கொடுக்காதீர்கள். வாயால் சொல்லும் அறிவுரையை எழுத்தில் கேளுங்கள். ரசீதுகளையும் செய்திகளையும் அழிக்காமல் வையுங்கள். உதிக்கும் சூரியனை வெறும் கண்ணால் பார்க்கச் சொன்னாலும் செய்யாதீர்கள். விழித்திரைக்கு வலி தெரியாது, சுடுவது உங்களுக்குத் தெரியாமலே போகும். வீட்டில் யாராவது விளக்கைச் சுற்றி வண்ண வளையம் தெரிகிறது என்று சொன்னால், கூடவே கண்வலியோ தலைவலியோ இருந்தால், மறுநாள் வரை காத்திருக்காமல் அன்றைக்கே கண் மருத்துவரிடம் கூட்டிக்கொண்டு போங்கள்.