பேக்கன் சுற்றிய உருளைக்கிழங்கு: கரி கிரில்லில் ஏழாண்டு அனுபவம்

அமெரிக்காவின் ஒஹாயோவில் எங்கள் வீட்டின் பின்புறத்தில் 22 அங்குல விட்டமுள்ள, மூடி போட்ட கரி கிரில் ஒன்று ஏழு ஆண்டுகளாக இருக்கிறது. அதில் கோழியும் மக்காச்சோளமும் எத்தனையோ முறை சுட்டிருக்கிறோம் என்றாலும், விருந்தினர் வந்து உட்கார்ந்தவுடன் கொடுக்கும் முதல் தட்டுக்காக நாங்கள் திரும்பத் திரும்பச் செய்தது பேக்கன் (உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றி இறைச்சித் துண்டு) சுற்றிய சிறு உருளைக்கிழங்கைத்தான். மே மாதக் கடைசியில் வரும் மெமோரியல் டே, ஜூலை 4, செப்டம்பரின் லேபர் டே ஆகிய விடுமுறைகள், பனிக்கு நடுவே வரும் சூப்பர் பௌல் எனும் அமெரிக்கக் கால்பந்து இறுதிப்போட்டி என்று ஆண்டுக்கு நான்கைந்து முறை செய்ததில் முப்பது தடவைக்கு மேல் ஆகியிருக்கும். முதல் ஓராண்டில் கெட்டுப்போனது எதனால், பிறகு நிலைத்தது எதனால் என்பதை இப்போது தெளிவாகச் சொல்ல முடிகிறது.

முதல் முயற்சியில் பச்சை உருளைக்கிழங்கிலேயே பேக்கனைச் சுற்றி, நன்கு கனிந்த தணலுக்கு நேர் மேலே அடுக்கிவிட்டேன். நான்கு நிமிடத்துக்குள் கொழுப்பு உருகித் தணலில் சொட்டத் தொடங்கியது. சொட்டிய இடமெல்லாம் தீ எழும்பியது. பேக்கன் வெளியே கரியாகிவிட்டது, கிழங்கோ கடித்தால் நறுக்கென்று பச்சையாகவே இருந்தது. காரணம் எளியது. மெல்லிய பேக்கன் அதிக வெப்பத்தில் சில நிமிடங்களில் முறுகிவிடும். உருளைக்கிழங்கின் நடுப்பகுதி மாவாகக் கனிய அது ஏறத்தாழ 205 பாரன்ஹீட், அதாவது 96 செல்சியஸ் வரை சூடேற வேண்டும். இந்த இரண்டையும் ஒரே நேரத்தில் தொடங்கி ஒரே நேரத்தில் முடிக்க எந்தக் கிரில்லாலும் முடியாது. கிழங்கின் வேலையில் பெரும்பங்கை அடுப்படியிலேயே முடித்துவிட்டு, பேக்கனுக்கு வேண்டிய வேலையை மட்டும் கிரில்லிடம் விடுவதுதான் வழி.

ஆகவே, ஏறத்தாழ 4 சென்டிமீட்டர் விட்டமுள்ள சிறு கிழங்குகள் 24 எடுத்துக்கொள்கிறேன். எடை 900 கிராம் வரும். அவற்றைத் தோலோடு, குளிர்ந்த நீரில் உப்பும் ஒரு கரண்டி வினிகரும் சேர்த்து அடுப்பில் ஏற்றுகிறேன். கொதி வந்தபின் பத்து முதல் பன்னிரண்டு நிமிடம் போதும். கத்தி நுனி தடையின்றி இறங்கி, நடுவில் மட்டும் சற்றே பிடிக்கிற முக்கால் பதத்தில் வடித்துவிட வேண்டும். வினிகர் எதற்கென்று பலரும் கேட்கிறார்கள். புளிப்புள்ள நீரில் கிழங்கின் செல்களை இணைத்திருக்கும் பெக்டின் எளிதில் கரைவதில்லை; அதனால் தோல் வெடிக்காமல், பின்னர் கம்பியில் கோக்கும்போது பிளக்காமல் இருக்கிறது. வடித்த கிழங்கைத் தட்டில் பரப்பி, ஆவி முழுவதும் போக விட்டு, கை பொறுக்கும் அளவுக்கு ஆறிய பின்பே சுற்ற வேண்டும். சூடாக இருக்கும்போது சுற்றினால் பேக்கனின் கொழுப்பு இளகி வழுக்கும். ஈரம் இருந்தால் பேக்கன் முறுகாமல் அவிந்துபோகும்.

கிழங்கின் அளவை நான் இவ்வளவு வற்புறுத்துவதற்குக் கணக்கு ஒன்று இருக்கிறது. கடையில் கிடைக்கும் பேக்கன் துண்டு ஏறத்தாழ 25 சென்டிமீட்டர் நீளம் இருக்கும். அதைப் பாதியாக வெட்டினால் 12 சென்டிமீட்டருக்குச் சற்று மேல். 4 சென்டிமீட்டர் கிழங்கின் சுற்றளவும் ஏறக்குறைய அதுவேதான். மெல்ல இழுத்துச் சுற்றினால் ஒரு விரல் அகலத்துக்கு மேல்மடிப்பு கிடைக்கும். கிழங்கு அதைவிடப் பெரிதானால் முனைகள் சேராது. சூட்டில் பேக்கன் சுருங்கும்போது கழன்றுவிடும். தடித்த பேக்கன் மேலானது என்று நினைத்து இரண்டு கோடைகள் அதையே வாங்கினேன். அது இழுத்தால் நீளாது. கொழுப்பு உருகி முடிவதற்குள் கிழங்கு காய்ந்துவிடும். ஒரு பவுண்டுக்குப் பதினாறு முதல் இருபது துண்டு வரும் சாதாரண மெல்லிய வகையே இதற்குப் பொருத்தம். பேக்கனிலேயே உப்பு நிறைய இருப்பதால் மேலே மிளகுத்தூளும் பாப்ரிக்கா என்ற காரம் குறைந்த மிளகாய்த்தூளும் மட்டும் தூவுகிறேன்.

கிழங்கின் வகையும் முக்கியம். ரஸட் எனப்படும் மாவுச்சத்து மிகுந்த பெரிய கிழங்கைத் துண்டாக்கிச் செய்து பார்த்தேன், குத்தியவுடன் உதிர்ந்தது. சிவப்புத் தோல் சிறு கிழங்கு கட்டுக்கோப்பாக நிற்கிறது, ஆனால் உள்ளே சற்று வழவழப்பு. கனடாவின் குவெல்ஃப் பல்கலைக்கழகத்தில் உருவாகி 1980 இல் வெளிவந்த யூகோன் கோல்டு வகையில் சிறியவை கிடைத்தால் வேறு எதையும் நான் தேடுவதில்லை. வெண்ணெய் போன்ற நிறமும் மணமும் அதற்கு உண்டு. உதிராமலும் இருக்கிறது, வாயில் வைத்தால் கரைகிறது.

இனி நெருப்பு. இந்த உருண்டைக் கிரில்லை 1952 இல் வடிவமைத்தவர் சிகாகோவில் வெபர் பிரதர்ஸ் மெட்டல் வொர்க்ஸ் உலோகப் பட்டறையில் பணியாற்றிய ஜார்ஜ் ஸ்டீபன். மிதவைகளுக்காகச் செய்யப்பட்ட உலோகக் கோளத்தின் பாதியைக் கிண்ணமாகவும் மறுபாதியை மூடியாகவும் கொண்டு அவர் தொடங்கினார் என்ற வரலாற்றைப் படித்த பிறகுதான், இதில் மூடிதான் உயிர் என்பது எனக்கு உறைத்தது. திறந்து வைத்தால் இது வெறும் கணப்பு. மூடினால் அடுமனை அடுப்பு. கரியைச் சிம்னி எனப்படும், கரி மூட்டும் உலோகக் குழாயில் மூட்டி, மேலே சாம்பல் பூத்தவுடன் கிண்ணத்தின் ஒரு பக்கத்தில் மட்டும் குவிக்க வேண்டும். மறுபக்கத்தில், கம்பித்தட்டுக்குக் கீழே, சிறிது தண்ணீர் ஊற்றிய அலுமினியத் தட்டை வைத்து, அதற்கு நேர் மேலே உருளைக்கிழங்கை அடுக்க வேண்டும். கொழுப்பு தண்ணீரில் விழும், தணலில் விழாது, தீ எழும்புவதில்லை. மூடியின் காற்றுத் துளை கிழங்கு இருக்கும் பக்கத்துக்கு மேல் வருமாறு திருப்பி வைத்தால், வெப்பமும் புகையும் கிழங்கைக் கடந்துதான் வெளியேறும். கம்பித்தட்டின் மட்டத்தில் 375 முதல் 400 பாரன்ஹீட் இருந்தால் போதும். மூடியின் உச்சியில் பதித்த வெப்பமானிகள் அந்த இடத்துச் சூட்டைத்தான் காட்டுகின்றன. கிழங்கு இருக்கும் இடத்துச் சூட்டை அறியத் தனி வெப்பமானி ஒன்றைக் கம்பித்தட்டில் வைப்பது நல்லது.

பதினைந்து நிமிடம் மூடியைத் தொடாமல் இருப்பதற்கு எனக்குப் பொறுமை வர இரண்டு ஆண்டுகள் பிடித்தன. அதன் பிறகு திறந்து பார்த்தால், பேக்கனின் வெள்ளைக் கொழுப்பு கண்ணாடி போலத் தெளிந்து, ஓரங்களில் பொடிப் பொடியாக நுரைத்துக் கொண்டிருக்கும். இது திருப்பிப் போட வேண்டிய தருணம். இன்னும் பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் அந்த நுரை அடங்கி, நிறம் செம்பழுப்பாகி, சொட்டும் ஓசை குறைந்துவிடும். உருக வேண்டிய கொழுப்பு உருகி முடிந்ததற்கு இந்த மௌனமே அடையாளம். நான் கடிகாரத்தைவிடக் காதை நம்புகிறேன். கடைசி இரண்டு நிமிடம் மட்டும் தணலுக்கு மேல் நகர்த்தி, இடுக்கியைக் கையிலிருந்து கீழே வைக்காமல், உருட்டி உருட்டி முறுகலாக்க வேண்டும். மேப்பிள் பாகு பூச விரும்பினால் அதற்கு முந்தைய ஐந்து நிமிடத்தில் பூசலாம். தொடக்கத்திலேயே பூசினால் சர்க்கரை கருகிக் கசந்துவிடும்.

சுற்றிய பேக்கன் கழலாமலிருக்க முதலில் குத்திவந்த பல்குச்சிகளைப் பற்றி ஒரு வார்த்தை. அரை மணி நேரம் நீரில் ஊறவைத்தாலும் முனை கருகத்தான் செய்கிறது. 24 கிழங்கையும் தனித்தனியே திருப்புவதற்குள் சூடெல்லாம் வெளியேறிவிடுகிறது. நான்காம் ஆண்டில் தட்டையான எஃகுக் கம்பிகளுக்கு மாறினேன். ஒரு கம்பிக்கு ஐந்து கிழங்கு, பேக்கனின் மடிப்பு வழியாகக் குத்திக் கோத்தால் எல்லாமே ஒரே அசைவில் திரும்புகின்றன. உருண்டைக் கம்பியானால் கிழங்கு அதிலேயே சுழலும் என்பதால் தட்டைக் கம்பிதான் வேண்டும். இத்தனை ஆண்டுகளில் செய்த மாற்றங்களில் எனக்கு மிகவும் மனநிறைவு தந்தது இதுவே.

பன்றி இறைச்சி உண்ணாத நண்பர்களும், சைவம் மட்டுமே உண்ணும் தமிழ்க் குடும்பங்களும் எங்கள் வீட்டுக்கு வருகிறார்கள். பேக்கன் கொழுப்பு ஊறிய கம்பித்தட்டில் ஓரமாக இடம் ஒதுக்கி அவர்களுக்கும் சுட்டுக் கொடுப்பது முறையன்று. அவர்களுக்கான கிழங்கைத் தனிப் பாத்திரத்தில், எண்ணெயும் ரோஸ்மேரியும் பூசி, வீட்டு அடுப்பில் வாட்டி முதலில் அவர்களுக்கே பரிமாறுகிறோம். நாங்களும் இதை ஆண்டுக்கு நான்கைந்து முறையோடு நிறுத்திக்கொள்கிறோம். உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகமை 2015 இல் பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருட்களின் முதல் பிரிவில் சேர்த்தது. அதைத் தெரிந்துகொண்டே வாரந்தோறும் குழந்தைகளுக்குக் கொடுக்க எனக்கு மனமில்லை.

கிரில்லின் உழைப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். எனாமல் பூச்சு இன்னும் உரியவில்லை. கம்பித்தட்டு துருவேறி இரண்டு முறை மாற்றியாகிவிட்டது. கொழுப்பும் சாம்பலும் கலந்து அடிக்காற்றுத் துளையின் தகடுகளில் தார் போலப் படிந்து ஒருமுறை அசையவே மறுத்தன; தண்ணீர்த் தட்டு வைக்கத் தொடங்கிய பிறகு அந்தத் தொல்லை இல்லை. கம்பித்தட்டைத் தேய்க்கக் கம்பித் தூரிகையை நான் இப்போது பயன்படுத்துவதில்லை. உதிர்ந்த கம்பி இழைகள் உணவோடு தொண்டைக்கும் குடலுக்கும் போனவர்களைப் பற்றி அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையம் 2012 இல் அறிக்கை வெளியிட்டிருக்கிறது. கசக்கிய அலுமினியத் தாளை இடுக்கியில் பிடித்து, தட்டு சூடாக இருக்கும்போதே தேய்த்தால் அதே அளவு சுத்தமாகிறது.

விருந்துக்கு முந்தைய இரவே வேகவைத்து, சுற்றி, மூடிக் குளிர்பெட்டியில் வைத்துவிடலாம்; குளிர்ந்த கிழங்கு இன்னும் இறுகிக் கோப்பதற்கு எளிதாக இருக்கிறது, கிரில்லில் மட்டும் ஏழெட்டு நிமிடம் கூடுதலாகக் கொடுக்க வேண்டும். சுட்டவற்றை வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைப்பதில்லை. 90 பாரன்ஹீட்டைத் தாண்டும் ஜூலை நாட்களில் ஒரு மணி நேரம்தான். ஆளுக்கு நான்கு என்று கணக்கிட்டு, தொட்டுக்கொள்ளப் புளிப்பு கிரீமில் வெங்காயத்தாளை நறுக்கிக் கலந்து வைத்தால் போதும். மிச்சமானவற்றை மறுநாள் காலையில் நான்காக நறுக்கி, எண்ணெய் ஊற்றாமலே இரும்புச் சட்டியில் புரட்டி, மேலே இரண்டு முட்டையை உடைத்து ஊற்றுகிறோம்.