அரைநாள் வகுப்பா, பத்தரின் பட்டறையா: வெள்ளி வேலை பழக எங்கே போவது?

ரொறன்ரோவில் வளர்ந்த என் பெறாமகளுக்கு வெள்ளியில் ஏதாவது செய்து பார்க்க வேண்டும் என்பது நெடுநாள் ஆசை. அந்த ஆசையின் பின்னால் நானும் இரண்டு இடங்களுக்குப் போனேன். மூன்று வருடங்களுக்கு முன் பாலித் தீவில், பயணிகளுக்கென்றே நடத்தும் அரைநாள் வகுப்பு ஒன்றுக்குப் போனோம். கடந்த மார்கழியில் யாழ்ப்பாணத்தில் கன்னாதிட்டிப் பக்கம், நகை செய்யும் ஒரு பத்தரின் பட்டறையில் நான்கு காலைப்பொழுதுகள் இருந்தோம். விடுமுறைக்கு ஊருக்கு வரும் பிள்ளைகளின் தாய்மார் இப்போது என்னிடம் எது நல்லது என்று கேட்கிறார்கள். நான்கு நாள் ஒதுக்க முடியுமென்றால் யாழ்ப்பாணம்தான். ஒரே ஒரு நாள்தான் கையில் இருக்கிறதென்றால் பட்டறைப் பக்கம் போக வேண்டாம். பத்தருக்கும் வேலை கெடும், உங்களுக்கும் ஒன்றும் மிஞ்சாது.

முதலில் பாலியைச் சொல்கிறேன். அங்கே வெள்ளி வேலைக்குப் பேர்போன ஊர் செலுக். தென்பசாரிலிருந்து உபுதுக்குப் போகும் வழியில் இருக்கிறது. நாங்கள் போன வகுப்பில் ஆளுக்கு 5 கிராம் வெள்ளி கொடுத்தார்கள். தகடு ஏற்கெனவே அடித்துத் தட்டையாக்கி வைத்திருந்தது. மாதிரிப் படங்களில் ஒன்றைத் தெரிந்து, காகிதத்தில் வரைந்து, தகட்டில் ஒட்டி, மயிரிழை போன்ற வாள் அலகால் வெட்ட வேண்டும். என் பெறாமகள் ஐந்து அலகுகளை உடைத்தாள். ஆசிரியர் ஒரு தடவையாவது முகம் சுளிக்கவில்லை. கண்ணுக்குக் கண்ணாடி, நல்ல காற்றோட்டம், ஆங்கிலத்தில் பொறுமையான விளக்கம் என்று எதிலும் குறை இல்லை. மூன்று மணி நேரத்தில் அவள் விரலில் இலை வடிவ மோதிரம் ஒன்று இருந்தது. பாலியின் வெள்ளி வேலைக்கு அடையாளமான சின்னஞ்சிறு வெள்ளிக் குருணிகளை அதன் மேல் அவளே சாமணத்தால் எடுத்து அடுக்கியிருந்தாள்.

ஆனால் ஒட்டும் நேரம் வந்ததும் ஆசிரியர் மெதுவாகச் சுவாலையைத் தன் கைக்கு எடுத்துக்கொண்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. அறையில் எட்டுப் பேர், எல்லோரும் மோதிரத்தோடு திரும்ப வேண்டும். வெள்ளி வேலையில் எல்லாமே கெடக்கூடிய இடம் அதுதான், அந்த இடத்தில் மாணவி பார்வையாளராகிவிட்டாள்.

உலோகங்களிலேயே வெப்பத்தை மிக விரைவாகக் கடத்துவது வெள்ளி. பொன்னில் பொருத்து உள்ள இடத்தை மட்டும் சூடாக்கி ஒட்டிவிடலாம். வெள்ளியில் அது நடக்காது. ஓரிடத்தில் காட்டிய சூடு முழுப் பொருளுக்கும் ஓடிவிடுவதால் முழுப் பொருளையும் ஒரே சீராகக் காய்ச்ச வேண்டும். கொஞ்சம் கூடிப்போனால் மோதிரமே குழைந்துவிடும். தனி வெள்ளி உருகுவது 962 பாகை செல்சியஸில். ஆயிரத்தில் 925 பங்கு வெள்ளியும் மீதி செப்புமான 925 வெள்ளி 900 பாகைக்குள்ளேயே முழுதும் உருகிவிடும். பொருத்தை ஒட்டவைக்கும் உலோகப் பொடி அதற்குச் சற்றுக் கீழே உருக வேண்டும். அந்தச் சிறிய இடைவெளியைக் கண்ணால் பிடிப்பதுதான் தொழில். "பொடி வைத்து ஊதுகிறான்" என்று நாம் பேச்சில் சொல்கிறோமே, பட்டறையில் அதை நேரில் பார்த்தபோதுதான் அந்தச் சொல்லில் எவ்வளவு நுணுக்கம் இருக்கிறது என்று எனக்கு உறைத்தது.

கன்னாதிட்டிப் பட்டறைக்குள் போவதே முதல் சோதனை. பெயர்ப்பலகை, கட்டண அட்டை எதுவும் இல்லை. தெரிந்தவர் ஒருவர் கூட்டிக்கொண்டு போக வேண்டும். பொன் வேலை செய்யும் இரண்டு பட்டறைகளில் மறுத்துவிட்டார்கள், அதற்கு நியாயமான காரணமும் சொன்னார்கள். பொன் பட்டறையில் அரம் போட்டு விழும் தூளையும் தரையைக் கூட்டும் குப்பையையும் சேர்த்து வைத்து, அதிலிருந்து பொன்னை மீட்பார்கள். அதில் வெள்ளித் தூள் கலந்தால் கணக்குக் குழம்பும். ஆகவே வெள்ளி வேலைக்கென்றே தனியாக இருப்பவரைத் தேடுங்கள். அரைஞாண், காப்பு, மெட்டி, குங்குமச் சிமிழ், நேர்த்திக்குக் கொடுக்கும் கண்மடல் என்று செய்பவர்கள் அவர்கள்தான். கடைகளில் அடுக்கியிருக்கும் இயந்திர வேலைக் கொலுசுகளுக்கு நடுவே இவர்களின் வேலை குறைந்துகொண்டு வருகிறது. அதனாலேயே ஒரு பிள்ளை பழக வந்திருக்கிறாள் என்றவுடன் எங்கள் பத்தர் பாயை உதறிப் போட்டார்.

அங்கே ஆயத்தத் தகடு கிடையாது. முதல் நாள் முழுவதும் உருக்குவதும் இழுப்பதும்தான். 20 கிராம் உலோகத்துக்கு 18.5 கிராம் வெள்ளி, 1.5 கிராம் செப்பு என்று நிறுத்தார். செப்பு, உரித்த மின்கம்பியிலிருந்து வந்தது. சுத்தமான செப்பு வேண்டுமென்றால் அதுதான் சுலபம் என்றார். உருக்கும் கிண்ணமான மூசையில் உருகிய வெள்ளியின் மேல் வெங்காரத்தை (போராக்ஸ்) தூவி, கோல் அச்சில் ஊற்றி, அடித்து, நெருப்பில் காட்டி இளக்கி, மறுபடி அடித்து, கம்பியச்சின் துளைகளில் பெரிதிலிருந்து சிறிதாக ஒவ்வொன்றாக இழுக்க வேண்டும். மூன்று துளைக்கு ஒரு தரம் கம்பி விறைத்துவிடும், மறுபடி இளக்க வேண்டும். அந்தக் கம்பியச்சு அவருடைய தகப்பனாருடையது. 1995 ஒக்ரோபர் இடப்பெயர்வில் வீட்டிலிருந்து எடுத்துக்கொண்டு போன சாமான்களில் அதுவும் ஒன்று, சாக்கில் சுற்றிச் சைக்கிளில் கட்டிக்கொண்டு போனாராம்.

இரண்டாம் நாள் மோதிரம். பாலியில் விரலளவுக்கு ஒரு பட்டியலைக் காட்டினார்கள். பத்தர் பனையோலை நறுக்கு ஒன்றை அவள் விரலில் சுற்றி நகத்தால் கீறினார். தகட்டின் கனத்தை மூன்று தரம் அதன் நுனியில் வைத்து, இன்னும் ஒரு மயிரளவு கூட்டி வெட்டச் சொன்னார். கணிதம் படிக்கிற என் பெறாமகள் சற்று நேரம் யோசித்துவிட்டுத் துள்ளினாள். வளைக்கும்போது தகட்டின் கனத்துக்காகக் கூட்ட வேண்டிய நீளம், கனத்தின் 3.14 மடங்கு. பத்தர் அதை 'பை' (π) என்ற எண்ணால் பெருக்கவில்லை, கண்ணால் கூட்டினார்.

பிறகு ஒட்டுவது. வெங்காரத்தைக் கல்லில் தண்ணீர் விட்டு உரைத்து, பொருத்தில் தடவி, எள்ளிலும் சிறிய பொடித்துண்டு ஒன்றை வைத்து, ஊதுகுழலை அவள் வாயில் கொடுத்துவிட்டார். கன்னத்தில் காற்றை அடக்கி, மூக்கால் மூச்சு வாங்கிக்கொண்டே வாயால் ஊத வேண்டும். வெங்காரம் முதலில் வெள்ளைப் பூவாகப் பொங்கியது, பின்பு அடங்கிக் கண்ணாடி போல உருகியது. அவள் பதறிப்போய்ப் பொருத்தை மட்டும் சூடாக்கினாள். பொடி உருண்டு ஒரு பக்கமாக ஓடியது, மறுபக்கம் வளைவு தொய்ந்து விழுந்தது. அவள் கண் கலங்கிவிட்டது. பத்தர் அதைக் குறட்டால் எடுத்து மூசையில் போட்டார். "வெள்ளி எங்கேயும் போகாது, பிள்ளை. திரும்ப ஊற்றுவோம்," என்றார். மூன்றாவது மோதிரத்தில் அவள் தீயை வட்டமாக அலையவிட்டு முழு வளையத்தையும் மங்கிய சிவப்புக்குக் கொண்டுவந்தாள். பொடி பளிச்சென்று ஒரு கோடாகப் பொருத்துக்குள் ஓடி மறைந்தது. பாலியிலும் அதே கோடு ஓடியிருக்கும். அங்கே அவள் அதைப் பார்க்கவில்லை, படம் எடுத்துக்கொண்டிருந்தாள்.

பட்டறையின் குறைகளையும் சொல்ல வேண்டும், அவை சிறியவை அல்ல. தரையில் சம்மணமிட்டு மூன்று மணி நேரம் இருக்க முடியாதவர்களுக்கு இது சரிவராது. கண்ணாடி, கையுறை எல்லாம் நீங்களே கொண்டு போங்கள். பருத்தி உடுப்புப் போட்டுத் தலைமயிரை இறுக்கிக் கட்டுங்கள், நைலோன் துணி வேண்டவே வேண்டாம். எல்லாவற்றிலும் முக்கியம், பொடியில் என்ன கலந்திருக்கிறது என்று கூச்சப்படாமல் கேளுங்கள். கேடிஎம் என்று நகைக்கடையில் கேள்விப்பட்டிருப்பீர்கள். அது காட்மியம் கலந்த பொடி. அதன் புகை நுரையீரலையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும். வெள்ளி, செப்பு, துத்தநாகம் சேர்ந்த பொடி என்றால் மட்டும் உட்காருங்கள். சூட்டில் படியும் கறுப்பை எடுக்க அமிலத் தொட்டி இருக்கும், அதில் கை வைக்க வேண்டாம். எங்கள் பத்தர் பழப்புளி கரைத்த தண்ணீரில் கொதிக்கவைத்துப் பூந்திக்கொட்டை நுரையில் தேய்த்தார். மெதுவான வழிதான், ஆனால் பிள்ளைகளுக்கு அதுவே போதும்.

பணம் பற்றி ஒரு தெளிவு வேண்டும். பாலியில் எவ்வளவு என்று முன்கூட்டியே தெரியும். இங்கே வெள்ளிக்கு நிறுவைப்படி கொடுத்துவிடலாம், ஆனால் பத்தரின் நான்கு காலைப்பொழுதுக்கு அவர் விலை சொல்லமாட்டார். அதைச் சாட்டாக வைத்துக் குறைத்துக் கொடுப்பது பாவம். அவருக்கு நின்றுபோன வேலையைக் கணக்கிட்டு, வெற்றிலையோடு வைத்துக் கொடுங்கள்.

வேறு வழிகளும் இருக்கின்றன. நகரில் ஒரு கடையில் 'செய்து பழகலாம்' என்று பணம் வாங்கிவிட்டு, வார்த்து முடிந்த மோதிரத்தை எங்களிடம் தந்து மினுக்க மட்டும் விட்டார்கள். அது இந்த ஒப்பீட்டில் சேர்க்கத் தக்கதல்ல. யப்பானில் உருவான வெள்ளிக் களிமண்ணைப் பிசைந்து, உருப்பிடித்துச் சுட்டெடுத்தால் தனி வெள்ளி மிஞ்சும். சுடும்போது சுருங்கும் என்பதை நினைவில் வைத்தால் பத்து வயதுப் பிள்ளைக்கும் அது ஏற்றது. கண்டியின் வெள்ளி வேலை பார்க்கப் பார்க்க அலுக்காதது. அந்தக் கம்மாளர்களின் கலையை 1908இல் நூலாக்கியவர் நம்மவரான ஆனந்த குமாரசுவாமி. ஆனால் அங்கே பழகச் சிங்களம் தெரிந்திருந்தால்தான் கைவேலையோடு பேச்சும் ஓடும்.

மொழி என்றதும் நினைவு வருகிறது. பாலியில் என் பெறாமகள் கற்ற கருவிப் பெயர்கள் எல்லாம் ஆங்கிலம். இங்கே நான்கு நாளில் குறடு, சாமணம், மூசை, அரம், உமியோடு என்று அவள் வாயில் ஏறியவை வேறு எந்த வீட்டிலும், எந்த ஞாயிறு வகுப்பிலும் அவளுக்குக் கிடைத்திருக்காது. தமிழில் தயங்கித் தயங்கிப் பேசும் பிள்ளை, "ஐயா, பொடி ஓடேல்லை" என்று பத்தரிடம் முறையிட்டதை நான் வாசலில் இருந்து கேட்டேன். எனக்கு யாழ்ப்பாணம் வெல்வதற்கு அது ஒன்றே போதும். வேறு யாருக்கும் அது காரணமாக இருக்க வேண்டியதில்லை.

காலம் பார்த்து வாருங்கள். நல்லூர்த் திருவிழாவின் 25 நாட்களும் பட்டறையில் தலை நிமிர நேரம் இருக்காது. ஆவணி, தை மாதங்களில் கல்யாண வேலை. மார்கழியில் கல்யாணம் இல்லை, வெளிநாட்டுப் பள்ளிகளுக்கும் அப்போதுதான் விடுமுறை. அதன் முற்பாதியில் வந்தால் பத்தருக்கும் பேச நேரம் இருக்கும்.

என் பெறாமகள் நான்காம் நாள் தொடங்கிய சங்கிலியில் பதினொரு வளையங்கள்தான் முடிந்தன. மீதிக் கம்பியைப் பத்தர் ஒரு பிஸ்கற் ரின்னில் போட்டு, மூடியில் அவளுடைய பெயரைச் சுண்ணக்கட்டியால் எழுதி, கம்பியச்சுக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறார். போன கிழமை அந்த வழியாகப் போனபோது எட்டிப் பார்த்தேன். பெயர் கொஞ்சம் அழிந்திருந்தது, ரின் அதே இடத்தில் இருந்தது.