போட்டுப் பார்ப்பதா, பக்கம் மாற்றுவதா?

3அ + 5 = 26. அ எவ்வளவு?

ஒருவர் 5-ஐ அந்தப் பக்கம் தள்ளி, குறியை மாற்றி, 21-ஐ 3-ஆல் வகுத்து 7 என்கிறார். இன்னொருவர் 5 போட்டுப் பார்க்கிறார்: 20, போதாது. 8 போட்டால் 29, கூடிவிட்டது. 7 போட்டால் 26, சரி. விடை ஒன்றுதான். ஆனால் முதல் ஆளுக்கு முழு மதிப்பெண், இரண்டாம் ஆளுக்கு "ஸ்டெப்ஸ் எங்கே?" என்ற கேள்வி. இந்த ஓரவஞ்சனை எனக்கு அவ்வளவாகப் பிடிப்பதில்லை.

போட்டுப் பார்க்கிறவருக்கு சமன்பாடு என்ன கேட்கிறது என்பதாவது தெரியும். பக்கம் மாற்றுகிறவரிடம் குறி ஏன் மாறுகிறது என்று கேட்டுப் பாருங்கள். "அந்தப் பக்கம் போனால் மாறும்" என்பதோடு பல பேர் நின்றுவிடுவார்கள். உண்மையில் எந்த எண்ணும் எங்கும் போவதில்லை. இரண்டு பக்கத்திலிருந்தும் 5-ஐக் கழிக்கிறோம், அவ்வளவுதான். இது புரியாதவர்தான் 3அ = 21 வரை ஒழுங்காக வந்துவிட்டு, 3-ஐயும் மைனஸாக்கி 18 என்று எழுதி வைப்பார். அந்த 18-ஐ ஒருமுறை போட்டுப் பார்த்திருந்தால் 59 வந்து குட்டை உடைத்திருக்கும்.

சரி, 7அ + 4 = 30 என்றால்? 3 போட்டால் 25, 4 போட்டால் 32. 3.7 போட்டால் 29.9, 3.72 போட்டால் 30.04. விடை 26/7, தசமத்தில் முடியவே முடியாது. பொழுது சாயும் வரை போட்டாலும் கிட்டே போகலாம், தொட முடியாது. பக்கம் மாற்றினால் இரண்டே வரி. இங்கே போட்டியே இல்லை.

ஆனால் கண்ணை மூடிக்கொண்டு எண்களை வீசுவது வேறு, வரிசையாகப் போட்டு வித்தியாசத்தைக் கவனிப்பது வேறு. 5அ − 8 = 2அ + 13 என்பதை எடுத்துக்கொள்வோம்.

அ = 5: இடது 17, வலது 23, வித்தியாசம் 6
அ = 6: இடது 22, வலது 25, வித்தியாசம் 3
அ = 7: இடது 27, வலது 27

ஒவ்வொரு படிக்கும் வித்தியாசம் 3 குறைகிறது. அந்த 3 எங்கிருந்து வந்தது? 5-இலிருந்து 2 போனால் 3. அ = 0 என்று போட்டால் இடது −8, வலது 13; வித்தியாசம் 21. படிக்கு 3 வீதம் 21 கரைய 7 படி வேண்டும். பக்கம் மாற்றினாலும் வருவது அதே 3அ = 21தான்!

இந்த யோசனை ரொம்பப் பழசு. கி.மு. 1550 வாக்கில் எகிப்தில் ஆமெஸ் என்ற எழுத்தர் படியெடுத்த சுருளில், இன்று ரைண்ட் பாப்பிரஸ் என்கிறார்களே அதில், 24-ஆவது கணக்கு இது: ஓர் எண்ணும் அதில் ஏழில் ஒரு பங்கும் சேர்ந்து 19. முதலில் 7 என்று வேண்டுமென்றே தப்பாக வைத்துக்கொள்கிறார்கள், கூட்டினால் 8. வேண்டியது 19. 8 எத்தனை மடங்கானால் 19 ஆகுமோ, 7-ஐயும் அத்தனை மடங்காக்கு. விடை பதினாறும் எட்டில் ஐந்து பங்கும். ஒரே ஒரு தப்பான ஊகம் போதும். ஆனால் 3அ + 5 போலத் தனியாக ஓர் எண் ஒட்டிக்கொண்டிருந்தால் இந்த மடங்குக் கணக்கு செல்லாது.

பக்கம் மாற்றுகிறவர் திணறும் இடமும் உண்டு. அ³ + அ = 20. எதை எங்கே மாற்றுவது? முப்படிக்குச் சூத்திரம் இருக்கிறது, ஆனால் அதைக் கையால் போட்டு முடிப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிடும். போட்டுப் பார்த்தால் 2-க்கு 10, 3-க்கு 30, 2.5-க்கு 18.125, 2.6-க்கு 20.176. நாலே முயற்சியில் விடை 2.5-க்கும் 2.6-க்கும் நடுவில் சிக்கிவிட்டது. அ⁵ வரும் ஐந்தாம் படிக்குப் போனால், கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தலும் வர்க்கமூலம் போன்ற மூலங்களும் மட்டுமே கொண்ட பொதுச் சூத்திரம் கிடையவே கிடையாது என்று 1824-இல் நார்வே நாட்டுக் கணித மேதை ஆபெல் நிறுவிவிட்டார். அப்புறம் கணினியும் பொதுவாக, இடைவெளியைப் பாதி பாதியாக நறுக்குவது போன்ற வழிகளில், கிட்டே கிட்டே போய்த்தான் தேட வேண்டியிருக்கிறது.

கடைசியாக ஒன்று: அ² = 5அ. போட்டுப் பார்க்கிறவர் 5 பொருந்தியதும் பேனாவை மூடிவிடுகிறார். மற்றவர் இரண்டு பக்கத்தையும் அ-ஆல் வகுத்து, அவரும் 5 என்கிறார். 0 போட்டாலும் இரண்டு பக்கமும் சமம்தான். அதை இருவருமே கோட்டை விட்டார்கள்.