சிர்த்தாவா, தரங்கம்பாடியா? சிறுவர்களுக்கான கிறிஸ்தவ சரித்திர மர்மத் தொடருக்கு எந்தக் களம்?

ஞாயிறு பள்ளி இதழுக்காக 10 முதல் 13 வயதுப் பிள்ளைகளுக்கு ஒரு சரித்திர மர்மத் தொடர் எழுத உட்கார்ந்தால், நான்கு களங்கள் போட்டிக்கு வரும். ரோமாபுரியின் நிலத்தடிக் கல்லறைகள், தடையை மீறி டின்டேல் ஆங்கிலத்தில் பெயர்த்த கடத்தல் வேதாகமம், தரங்கம்பாடி அச்சகம், கி.பி. 303-இல் வட ஆப்பிரிக்காவின் சிர்த்தா. நாங்கள் எடுத்தது சிர்த்தா. அதனால் இந்த அலசலில் தராசு அந்தப் பக்கம் சாய்ந்துதான் இருக்கும்.

நிலத்தடிக் கல்லறைகளை முதலில் தள்ளிவிடலாம். கிறிஸ்தவர்கள் உயிருக்குப் பயந்து அங்கே குடியிருந்தார்கள் என்பது பின்னாளில் கட்டிய கதை. அவை இடுகாடுகள், அதிகாரிகளுக்கும் தெரிந்த இடங்கள். ஒருவர் மணலில் அரை மீன் வரைய, மற்றவர் மீதியை வரைந்து முடிப்பார் என்ற ரகசியக் குறியீட்டுக்கும் பழங்காலச் சான்று கிடையாது. கதையே இந்த இரண்டின் மேல் நின்றால் விவரம் தெரிந்த ஒரு ஆசிரியர் போதும், கலைத்துவிடுவார். சுரங்கம் வேண்டும் என்று அடம்பிடிப்பவர்கள் 1593 டிசம்பருக்குப் போகலாம். பின்னாளில் இந்தக் கல்லறைகளின் ஆராய்ச்சியாளராகப் பேர்பெற்ற அன்டோனியோ போசியோ, இருபது வயதுகூட ஆகாத நிலையில், ரோமின் தொமித்தில்லா கல்லறைக்குள் வழி தவறித் தவித்தது அப்போதுதான்.

டின்டேல் களத்தில் சாகசத்துக்குக் குறைவே இல்லை. 1525-இல் ஜெர்மனியின் கொலோன் நகர அச்சகத்தில் வேலை பாதியில் இருக்கும்போது விஷயம் வெளியே கசிகிறது. அச்சான தாள்களை அள்ளிக்கொண்டு ரைன் ஆற்றில் வோர்ம்ஸ் நகருக்குத் தப்புகிறார்கள். மிஞ்சியிருக்கும் கொலோன் பிரதி மத்தேயு 22-ஆம் அதிகாரத்தில் அறுந்து நிற்பது கதாசிரியனுக்குக் கிடைத்த வரம். 1526-இல் முழுப் புதிய ஏற்பாடும் கைக்கடக்கமான அளவில் வெளிவந்து, துணி மூட்டைகளுக்குள் இங்கிலாந்து போகிறது. ஆனால் மர்மம் என்று பார்த்தால் இடிக்கும். 1535-இல் ஆண்ட்வெர்ப்பில் அவரைக் காட்டிக்கொடுத்தது ஹென்றி பிலிப்ஸ் என்று எல்லாருக்கும் தெரியும். அவனுக்குப் பின்னால் பணம் கொடுத்தது யார் என்பதற்கு இன்றுவரை உறுதியான விடை இல்லை. முதல் கேள்வியில் புதிரே இல்லை, இரண்டாவதில் முடிவு இல்லை. இன்னொன்று, வில்லன்கள் எல்லாரும் ஆயர்களாக இருப்பார்கள். கத்தோலிக்கப் பிள்ளைகளும் படிக்கும் இதழென்றால் அது வீண் வம்பு.

நம்மூர் வாசகர் உடனே கேட்பது தரங்கம்பாடி. நியாயமான கேள்விதான். டென்மார்க் அரசர் அனுப்பி 1706-இல் வந்திறங்கிய ஜெர்மானிய மிஷனரி சீகன்பால்கு, 1708 இறுதியில் டேனிஷ் ஆளுநராலேயே சிறையில் அடைக்கப்பட்டு நான்கு மாதம் உள்ளே இருந்தார். லண்டனிலிருந்து அச்சு இயந்திரம் வந்த கப்பலைப் பிரெஞ்சுக்காரர்கள் வழியில் பிடித்தார்கள். கூட வந்த அச்சுக்காரர் ஊர் சேரும் முன்பே இறந்துபோனார். ஜெர்மனியின் ஹாலேயிலிருந்து வந்த தமிழ் எழுத்துகள் பெரியவை, காகிதத்தைத் தின்றன. சிறிய எழுத்துகளை இங்கேயே வார்த்து, 1715-இல் புதிய ஏற்பாட்டை முடித்தார்கள். புத்தகத்தின் நடுவில் எழுத்து சட்டென்று சிறுத்துப்போவதை ஒரு சிறுமி கவனிக்கிறாள் என்று தொடங்கினால் அருமையான முதல் அத்தியாயம் கிடைக்கும். பொறையாற்றுக்கும் கோட்டைக்கும் பிள்ளைகளை நேரில் அழைத்துப் போகலாம். இந்த வசதி வேறு எந்தக் களத்துக்கும் இல்லை.

ஆனாலும் இரண்டாம் இடம்தான். அங்கே நடந்த எல்லாம் வெளிப்படையாக நடந்தது. சிறையில் போட்டவர் தன் பெயரிலேயே போட்டார், கப்பலைப் பிடித்தவர்கள் கொடி கட்டிக்கொண்டு வந்து பிடித்தார்கள். ஒளிந்திருக்கும் குற்றவாளியை நாமே கற்பனையாக நுழைக்க வேண்டும். அவசரத்தில் அந்தப் பாத்திரம் பெரும்பாலும் ஒரு கோயில் பூசாரியாகவோ ஊர்ப் பெரிய மனிதராகவோ வந்து நிற்கும். பக்கத்து வீட்டுப் பிள்ளையிடம் கொடுக்கக் கூச வேண்டிய கதையாகிவிடும். அச்சகத்தைப் பற்றிய சாகசக் கதை என்றால் தரங்கம்பாடிக்கே என் ஓட்டு. மர்மக் கதைக்கு இல்லை.

எங்கள் முடிவைத் தீர்மானித்தது ஒரே விஷயம். குற்றவாளி சபைக்குள்ளேயே இருக்க வேண்டும், அவரை ஜெபம் அல்ல, சான்று பிடித்துக் கொடுக்க வேண்டும். இந்த வகைக் கதைகள் பெரும்பாலும் சறுக்குவது இந்த இடத்தில்தான். எட்டாவது அத்தியாயம் வரை பிள்ளைகள் துப்புத் துலக்குவார்கள். ஒன்பதாவதில் ஒருவன் முழங்காலில் நிற்பான், எழுந்ததும் காணாமல்போன பொருள் கண்ணில் படும். இதைப் படிக்கும் பிள்ளை ஏமாந்துபோவான். ஜெபம் துணிச்சலுக்கு வரட்டும், துப்புக்கு வரக் கூடாது.

சிர்த்தாவில் இது கேட்காமலே கிடைக்கிறது. இன்றைய அல்ஜீரியாவின் கான்ஸ்டன்டைன் நகரம்தான் சிர்த்தா, ஆழமான பள்ளத்தாக்கு சுற்றிவளைத்த பாறைமேல் நிற்கும் ஊர். வேதப் புத்தகங்களை ஒப்படைக்க வேண்டும் என்ற ரோமப் பேரரசர் தியோக்கிளேசியனின் கட்டளைப்படி, 303 மே 19 அன்று நகர அதிகாரி முனாத்தியுஸ் பெலிக்ஸ் சபை கூடும் வீட்டுக்கு வருகிறார். எழுத்தர் ஒவ்வொரு பொருளாகக் குறித்துக்கொள்கிறார். தங்கக் கிண்ணம் 2, வெள்ளிக் கிண்ணம் 6, வெள்ளி விளக்கு 7, பெண்களின் அங்கி 82, ஆண்களின் அங்கி 16, பெண்களின் காலணி 47 ஜோடி. ஒரு சபை வீட்டில் இத்தனை பெண் காலணிகள் எதற்கு? ஏழைகளுக்குக் கொடுக்க வைத்திருந்தவை என்பதைப் பிள்ளைகளே கண்டுபிடிக்கட்டும், விளக்க வேண்டாம். புத்தக அலமாரிகள் காலி. கடைசியில் வெளியே வந்தது ஒரே ஒரு பெரிய புத்தகம். மற்றவை வாசகர்களின், அதாவது சபையில் வேதம் வாசிக்கும் ஊழியர்களின், வீடுகளில் இருக்கின்றன.

அந்த வாசகர்கள் யார் என்று கேட்டபோது நடந்ததுதான் கதையின் இதயம். உங்கள் அலுவலக எழுத்தர்கள் எதூசியுசும் யூனியுசும் அவர்களை அறிவார்கள் என்று ஆயர் பவுல் கைகாட்டுகிறார். ஒரு பெயரையும் தன் வாயால் சொல்லவில்லை. இரண்டு துணைத் திருத்தொண்டர்கள் வாய் திறக்க மறுத்துக் காவலில் போகிறார்கள். வேறு இருவர், ஆயர் சொன்னபடி அந்த எழுத்தர்களே காட்டட்டும் என்கிறார்கள். எழுத்தர்கள் காட்டுகிறார்கள். ஒரு வீட்டில் 4 புத்தகம், ஓடு பதிக்கும் தொழிலாளி வீட்டில் 5, இன்னொரு வீட்டில் 8. கணவன் இல்லாத வீட்டில் மனைவி 6 புத்தகங்களைக் கொடுக்கிறாள். இன்னும் இருக்கிறதா என்று போஸ் என்ற நகராட்சி அடிமை உள்ளே போய்த் தேடி, வெறுங்கையோடு வருகிறான். காட்டிக்கொடுத்தது யார்? நேரடியாகப் பார்த்தால் யாருமே இல்லை. கொஞ்சம் கொஞ்சமாகப் பார்த்தால் பாதிப் பேர்.

அன்று ஜாடிக்குப் பின்னால் கண்டெடுத்ததாகச் சொல்லி வெள்ளிப் பெட்டியையும் விளக்கையும் எடுத்துக் கொடுத்த துணைத் திருத்தொண்டர் சில்வானுஸ், பிறகு அதே ஊரின் ஆயரானார். 320-இல் அவரோடு சண்டை போட்டுக்கொண்ட திருத்தொண்டர் ஒருவர், அவர் அன்று சபைப் பொருளை ஒப்படைத்த விஷயத்தை ஆளுநர் செனோபிலுஸ் முன் கொண்டுபோகிறார். இலக்கண ஆசிரியர் விக்டர் சாட்சிக் கூண்டில் நின்று, நான் அன்று மலைக்கு ஓடிப்போய்விட்டேன் என்கிறார். உடனே 17 வருடத்துக்கு முந்தைய பதிவு உரக்க வாசிக்கப்படுகிறது. அவர் கொடுத்தது 2 புத்தகம், 4 தாள்கட்டு. வாத்தியார் மாட்டிக்கொள்ளும் காட்சி எந்த நாட்டுப் பிள்ளைக்கும் பிடிக்கும்.

சிக்கல் இந்த 17 வருட இடைவெளிதான். 303-இல் 12 வயதான பிள்ளை தீர்ப்பின்போது 29 வயது ஆளாகிவிடும். அதனால் நாயகி 320-இல் விக்டரிடம் படிக்கும் சிறுமி, அவள் அம்மா 303-இல் சிறுமி என்று வைத்து, 12 அத்தியாயங்களில் ஒற்றைப்படை 320-க்கும் இரட்டைப்படை 303-க்கும் போக வேண்டும். ஒவ்வொன்றின் முதல் வரியிலும் யார் ஆட்சி என்று சொல்லிவிடுங்கள், இல்லாவிட்டால் நான்காவது வாரத்தில் பிள்ளைகள் தொலைந்துபோவார்கள். காலணிப் பட்டியல் 2-ஆம் அத்தியாயத்தில் முழுசாக வரட்டும், வெள்ளி விளக்கு அதற்குள் ஒளிந்திருக்கட்டும். 10-க்குப் பிறகு புதுத் துப்பு எதுவும் கூடாது. ஆவணத்தில் பெலிக்ஸ் இரண்டு பேர், விக்டரும் ஒருவரல்ல. ஆளுக்கொரு தொழில் அடையாளம் கொடுங்கள்.

சில்லறைத் தவறுகள்தான் மானத்தை வாங்கும். அதிகாரம், வசன எண் சொல்லக் கூடாது. வசன எண் புதிய ஏற்பாட்டுக்கு வந்ததே 1551-இல்தான். சமையலறையில் தக்காளியும் மிளகாயும் வேண்டாம். ஆலிவ், அத்தி, கோதுமை ரொட்டி போதும்.

10 வயதுக்குக் கீழே இந்த இரட்டைக் காலம் எடுபடுமா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. அந்த வயதுக்குத் தரங்கம்பாடியை, மர்மம் என்று பெயர் வைக்காமல், கப்பல் கதையாகக் கொடுப்பது நல்லது.