ஸ்டோராரோவின் ஒளி: வெள்ளித்திரையிலும் சின்னத்திரையிலும்

இத்தாலிய ஒளிப்பதிவாளர் விட்டோரியோ ஸ்டோராரோவின் பெயரைச் சொன்னதும் மூன்று ஆஸ்கர் விருதுகளே நினைவுக்கு வருகின்றன. அவர் தொலைக்காட்சிக்காகச் செய்த பணியைப் பலர் கணக்கில் எடுத்துக்கொள்வதில்லை.

திரைப்படத்தில் அவருக்குக் காலமும் இடமும் தாராளமாகக் கிடைத்தன. 1970இல் இயக்குநர் பெர்னார்டோ பெர்டொலுச்சிக்காக ஒளிப்பதிவு செய்த ‘தி கன்ஃபார்மிஸ்ட்’ படத்தில், சன்னல் மறைப்பின் இடுக்குகள் வழியே விழும் ஒளிக்கோடுகள் பெண்ணின் கோடு போட்ட உடையோடு கலந்து, அந்த அறையையே ஒரு கூண்டாக்கிவிடுகின்றன. 1987இல் வெளிவந்த ‘தி லாஸ்ட் எம்பரர்’ படத்திலோ, பேரரசரின் வாழ்க்கைக் கட்டங்களுக்கு ஏற்ப நிறங்களை மாற்றிக்கொண்டே சென்றார்.

தொலைக்காட்சியில் நிலைமை வேறு. 1992இல் ரோம் நகரிலிருந்து நேரலையாக ஒளிபரப்பான ‘டோஸ்கா’ இசை நாடகம், கதை நிகழும் உண்மையான இடங்களிலேயே, கதை குறிப்பிடும் நேரங்களிலேயே நிகழ்த்தப்பட்டது. இறுதி அங்கம் விடியற்காலையில் சாந்தாஞ்சலோ கோட்டையில் நடந்தபோது, ஒளி தவறினால் திருத்திக்கொள்ள இரண்டாவது வாய்ப்பே இல்லை. 2000ஆம் ஆண்டின் ‘டியூன்’ குறுந்தொடரில் பாலைவனத்தின் பெரும்பகுதி, பின்னாலிருந்து ஒளியூட்டப்பட்ட பிரம்மாண்டமான நிழற்படத் திரைகளாகப் படப்பிடிப்பு அரங்குக்குள்ளேயே உருவானது. அதற்கு அமெரிக்கத் தொலைக்காட்சித் துறையின் எம்மி விருது கிடைத்தாலும், சில காட்சிகளில் மேடை நாடகச் சாயல் அப்பட்டமாகத் தெரிகிறது என்பதே என் கருத்து.

நுணுக்கத்தில் திரைப்படங்களே மேல். துணிச்சலில், ‘டோஸ்கா’ ஒன்றுக்காகவே, நான் தொலைக்காட்சியின் பக்கம் சாய்வேன். இரு திரைகளின் சட்டக அளவுகளுக்கும் இடைப்பட்டதாக, அகலத்துக்கும் உயரத்துக்குமான 2:1 விகிதத்தை 1998இல் முன்மொழிந்தவரும் அவரே.