2,500 ரூபாய் கொடுத்து மகளுக்கு வாங்கிய பெயர்: ஏமாந்த கதை

ஓசூரில் இருக்கிறோம். போன ஆகஸ்டில் பெண் குழந்தை பிறந்தாள். கார்த்திகை 1ஆம் பாதம், ‘அ’வில் பெயர் வைக்கணும் என்றார் ஜோசியர். நட்சத்திரம், எண்கணிதம், அர்த்தம் மூன்றும் பார்த்து ‘தூய தமிழ்ப் பெயர்’ தருகிறேன் என்று வாட்ஸ்அப்பில் ஒருவர் கிடைத்தார். பணத்தை அனுப்பினேன். மூன்றாம் நாள் ஓரமெல்லாம் தாமரைப் பூ போட்ட ஒரு பிடிஎஃப் வந்தது, முப்பது பெயரோடு.

கார்த்திகையின் நாலு பாதத்துக்கும் அ, இ, உ, எ என்று தனித்தனி எழுத்து. எங்களுக்கு வேண்டியது ‘அ’ மட்டும். பட்டியலில் நாலும் கலந்து கிடந்தது. அப்போதே உறைத்திருக்கணும். நாலாவது வரியில் ‘அனயா – ஒப்பற்றவள், சங்க இலக்கியப் பெயர்’ என்று பார்த்ததும் மனைவி மயங்கிவிட்டாள். நானும்தான்.

அடுத்து எண் விவகாரம். ஆங்கிலத்தில் எழுதும்போது இரண்டு என், கடைசியில் இரண்டு ஏ போட்டு Annayaa என்று எழுதச் சொன்னார். ஏ-க்கு 1, என்-னுக்கு 5, ஒய்-க்கு 1. கூட்டினால் 15, அதாவது 6, சுக்கிரன், யோகமாம். எழுத்துக்கு எண் கொடுப்பதில் கல்தேய முறை என்று ஒன்று உண்டு, அதன்படி கணக்கு சரிதான். இன்னொன்றான பித்தகோரிய முறையில் ஒய்-க்கு 7. அதே பெயர் 21 ஆகி 3-ல் போய் நிற்கும். எந்த முறை என்று அவர் சொல்லவே இல்லை, எனக்கும் கேட்கத் தோன்றவில்லை.

பெயர் சூட்டு விழாவுக்கு ஃப்ளெக்ஸ் அடிக்கப் போனேன். கடைத் தம்பி வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். ஆங்கில எழுத்தை வாய்விட்டுப் படித்துவிட்டு, “சார், பொண்ணு குழந்தைக்கா அன்னய்யான்னு பேரு?” என்றார். தெலுங்கில் அன்னய்யா என்றால் அண்ணன். ஓசூரில் பாதிப் பேர் என் மகளை அண்ணா என்றுதான் கூப்பிடப் போகிறார்கள்.

அன்று இரவே மனைவியின் பெரியப்பாவுக்கு போன் போட்டேன். தமிழாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். முழுசாகக் கேட்டுவிட்டு ஒரே கேள்வி: “சங்கப் பாட்டுன்னா எந்தப் பாட்டு மாப்ள? நம்பர் சொல்லச் சொல்லுங்க.” பெயர்ப் பட்டியல் கொடுத்த வாட்ஸ்அப்காரரிடம் கேட்டேன். “அதெல்லாம் நெட்ல இருக்கறதுதான் சார்” என்று பதில் வந்தது.

பிறகு உட்கார்ந்து தேடினோம். மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத அகராதி இணையத்தில் இலவசமாகவே இருக்கிறது. ‘நய’ என்றால் நல்ல நடத்தை, நீதி. முன்னால் ‘அ’ சேர்ந்தால் அதற்கு நேர் எதிர்: தீய நடத்தை, கேடு. ‘ஒப்பற்றவள்’ எங்கேயும் இல்லை. (அரபியில் ‘இனாயா’ என்று ஒரு பெயர் உண்டு, அக்கறை, பராமரிப்பு என்று பொருள். அதை நினைத்து அனயா என்று வைத்திருப்பவர்களைக் குறை சொல்லவில்லை. எங்களுக்குச் சங்கத் தமிழ் என்று விற்றதுதான் கோபம்.)

மற்ற பெயர்களையும் சும்மா விடவில்லை. ‘அனிகா – அருள்’ என்று போட்டிருந்தது. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியில் ‘அனிகம்’ என்றால் படை. ஸ்வீடன் பக்கம் அன்னா என்ற பெயரைச் செல்லமாக அன்னிகா என்பார்கள், அன்னாவுக்கான ‘அருள்’ என்ற அர்த்தத்தைக் கொண்டுவந்து இதில் ஒட்டியிருக்கிறார்கள். ‘எலினா – எழில் நிறைந்தவள், தமிழ்’ என்பதுதான் உச்சம். அது கிரேக்க ஹெலன்! முப்பதில் பதினொன்று இந்த லட்சணம்.

பணத்தைத் திருப்பிக் கேட்டேன். “சர்வீஸ் முடிஞ்சிருச்சு சார், வேணும்னா கரெக்‌ஷன் பேக்கேஜ் இருக்கு, 1,500.” பிளாக் செய்துவிட்டார்.

ஒரே ஆறுதல், பிறப்புச் சான்றிதழில் இன்னும் பெயர் ஏற்றவில்லை. ‘நல்ல நாள், உடனே பதிஞ்சிடுங்க’ என்று அவர் அவசரப்படுத்தியபோது லீவு கிடைக்காததால் தப்பித்தேன். பிறப்பைப் பதிந்த நாளிலிருந்து 12 மாதத்துக்குள் கட்டணம் இல்லாமல் பெயர் சேர்க்கலாம், அதற்குப் பின் தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டு வரை. ஆனால் ஏற்றிய பெயரை மாற்றுவது லேசில்லை. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த பிள்ளைகளுக்குப் பள்ளியில் சேர்ப்பது முதல் பாஸ்போர்ட் வரை பிறந்த தேதிக்கு அந்தக் காகிதம்தான் ஆதாரம். யாராவது பட்டியல் கொடுத்தால் முதலில் பெரியப்பாவின் கேள்வியைக் கேளுங்கள்.

இப்போதைக்கு அவள் அம்மு. பெரியப்பா தினமும் காலையில் ஒரு பெயர் அனுப்புகிறார், பாட்டு நம்பரோடு.