விளாடெக் ஷேபல் திரையிடல் தொடர்: துணைப் பாத்திரங்களுக்கு ஒரு மரியாதை

மதுரை தல்லாகுளம் பகுதியில் ஒரு வீட்டு மாடியில் இயங்கும் சிறிய திரைப்பட வட்டம், தன் சந்தாதாரர்களுக்காகப் போலந்து நடிகர் விளாடெக் ஷேபலின் படங்களை வார இறுதி மாலைகளில் திரையிட்டு முடித்திருக்கிறது. இயக்குநரையோ கதாநாயகனையோ முன்வைத்துப் படங்களைத் தொகுப்பதே எங்கும் வழக்கமாக இருக்க, சில நிமிடங்கள் மட்டுமே தோன்றும் குணச்சித்திர நடிகர் ஒருவரை மையமாக்கிய இந்தத் துணிவுக்காகவே சந்தாத் தொகையைத் தயங்காமல் செலுத்தலாம் என்பேன்.

ஷேபல் 1923இல் போலந்தில் பிறந்து, பிற்பாடு பிரிட்டனில் குடியேறி, 1992இல் லண்டனில் மறைந்தார். பிரிட்டிஷ், அமெரிக்கத் தயாரிப்புகள் அவருடைய உச்சரிப்பையும் கூர்மையான முகத்தையும் பயன்படுத்தி அவரைச் செக்கோஸ்லோவாக்கியச் சதுரங்க வீரராகவும், ஜெர்மன் சிற்பியாகவும், போர்த்துகீசியக் கப்பல் தலைவராகவும், சோவியத் தளபதியாகவும் ஆக்கின. சொந்த நாட்டவராக அவர் நடித்த ஆந்த்ரே வாஜ்தாவின் 'கனால்' (1957) படத்தைப் பார்த்தால்தான், மற்ற வேடங்களில் அவர் எவ்வளவு அடக்கி வைத்திருந்தார் என்பது விளங்கும்.

நாஜி ஜெர்மானியருக்கு எதிரான 1944 வார்சா எழுச்சியின் கடைசி நாட்களில், முற்றுகையிடப்பட்ட போராளிகள் சாக்கடைச் சுரங்கங்கள் வழியாகத் தப்ப முயல்வதே அப்படத்தின் கதை. அவர்களோடு சேர்ந்துகொள்ளும் இசையமைப்பாளர் மிகாலாக ஷேபல் வருகிறார். மனைவியோடும் மகளோடும் தொலைபேசியில் பேசிக்கொண்டிருக்கையில் மறுமுனை அடங்கிப்போகும் காட்சியில் அவர் கதறுவதில்லை. முகம் மெல்ல வெறுமையாகிறது. பிறகு சுரங்க இருளில் சித்தம் கலங்கி, இத்தாலியக் கவி தாந்தேயின் வரிகளைச் சொல்லிக்கொண்டும் சிறு ஊதுகருவி ஒன்றை வாசித்துக்கொண்டும் தனியே விலகிச் செல்லும்போது, அந்த வெறுமை எங்கே தொடங்கியது என்பது நமக்குத் தெரிந்திருக்கிறது. கான் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசைப் பகிர்ந்துகொண்ட அந்தப் படத்தில் என் மனத்தை விட்டு அகலாதவர் அவரே.

ஆனால் கூட்டம் சேர்வதற்காகவோ என்னவோ, தொடரை 1963இன் ஜேம்ஸ் பாண்ட் படத்தில் ('ஃப்ரம் ரஷ்யா வித் லவ்') தொடங்கினார்கள். அன்று நிறைந்திருந்த கூடத்தில், 'கனால்' மாலையில் பல நாற்காலிகள் காலியாகவே இருந்தன. வரிசையை மாற்றியிருந்தால் பாண்ட் படமே வேறு விதமாகத் தெரிந்திருக்கும். வெனிஸ் நகரில் சதுரங்கம் ஆடிக்கொண்டே ரகசிய அழைப்பைப் பெறும், வில்லன் கூட்டத்துக்குச் சதித்திட்டம் வகுக்கும் குரோன்ஸ்டீனாக, தன் திட்டம் தோற்காது என்று குரல் உயர்த்தாமல் சொல்கிறார் ஷேபல். 'திருவிளையாடல்' படத்தில் பாலையாவின் ஹேமநாத பாகவதர் பாண்டியன் அவையில் காட்டிய செருக்கும், அது ஒரே இரவில் உடைந்த விதமும் மதுரைக்காரர்களுக்கு விளக்கத் தேவையில்லாதவை. குரோன்ஸ்டீனின் செருக்கோ உடைவதற்கு அவகாசமே கிடைப்பதில்லை. நஞ்சு தோய்ந்த காலணி முனை படும் கணத்தில் ஒரு திகைப்பு மட்டும் வந்து போகிறது. கென் ரஸ்ஸலின் 'விமன் இன் லவ்' (1969) படத்தில் சிற்பி லெர்கேயாக அவர் காட்டும் ஏளனமும் கவனித்துப் பார்க்க வேண்டியது. அமெரிக்கப் படங்களைத் தவிர்த்திருந்தாலும் இழப்பில்லை.

ஒலியமைப்பு நன்று; சுரங்கத்தின் நீர்ச்சொட்டுகள் தெளிவாகக் கேட்டன. படங்களைப் பற்றித் தமிழில் அச்சிட்டுத் தந்த குறிப்புத்தாள் பொறுப்போடு எழுதப்பட்டிருந்தது. தெருப்பக்கச் சன்னலுக்குக் கனத்த திரைச்சீலை இல்லாததால், பாதிக்கு மேல் இருளிலேயே நகரும் 'கனால்' மிகவும் பாதிக்கப்பட்டது. அந்தச் சன்னலை மறைத்து, அந்தப் படத்தை மட்டுமாவது மீண்டும் ஒருமுறை திரையிட வேண்டும் என்று நடத்துநர்களிடம் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.